லேப்டொப்பில் இடம் இல்லையா? ஃபோர்மட் அடிக்காமல் கேம்களை நீக்கும் வழி

எங்கள் வீடு வன்னியில், விசுவமடுவில். வீட்டில் எல்லோருக்கும் ஒரே லேப்டொப்தான். கனடாவில் இருக்கும் பெரியம்மாவின் மகன் பாவித்துவிட்டு அனுப்பியது. பகலில் எனக்குக் கம்பஸ் வேலை, பின்னேரம் தம்பிக்கு கேம், ஞாயிறு இரவு அம்மாவுக்கு வெளிநாட்டு உறவுகளோடு வீடியோ கோல். போன செமஸ்டரில் எனக்கு ஓட்டோகாட் என்ற வரைபட மென்பொருள் போட வேண்டி வந்தது. அதற்குக் குறைந்தது 10 ஜிபி வேண்டும். சி டிரைவில் மிஞ்சியிருந்தது 3 ஜிபி.

அவசரத்தில் இருப்பதிலேயே பெரிய கேம் போல்டரைத் தேடிப் பிடித்து, ஷிப்டையும் டிலீட்டையும் சேர்த்து அழுத்தினேன். பாதி அழிந்தது, பாதி அழிய மறுத்தது. விண்டோஸின் மென்பொருள் பட்டியலில் கேமின் பெயர் அப்படியே நின்றது. அதை அழுத்தினால் பிழைச் செய்தி. தம்பி இரண்டு வருடமாக விளையாடிச் சேர்த்த ஆட்டமும் அந்தப் போல்டருக்குள்தான் இருந்திருக்கிறது. அவன் இரண்டு நாள் என்னோடு கதைக்கவில்லை.

அப்புறம் பஸ் ஏறி டவுணில் ஒரு திருத்தும் கடைக்குக் கொண்டுபோனேன். பார்ப்பதற்கு 500 ரூபா, ஃபோர்மட் அடித்து, அதாவது டிஸ்க்கில் உள்ள எல்லாவற்றையும் அழித்து, விண்டோஸ் புதிதாகப் போட 3,500 ரூபா என்றார்கள். நான் சரி என்று சொல்லும் நிலையில்தான் இருந்தேன். அம்மாவுக்குப் போன் எடுத்தபோது அவர் கேட்ட ஒரே கேள்வி: "பிள்ளை, காணி உறுதியின்ர படமெல்லாம் அதுக்குள்ளதானே கிடக்கு?"

அதற்குள்தான் கிடந்தது. உறுதி, எங்கள் பிறப்புச் சான்றிதழ்கள், அப்பாவின் அடையாள அட்டைப் பிரதி எல்லாம் டெஸ்க்டொப்பில். இடம்பெயர்ந்ததில் ஆவணங்களைத் தொலைத்து, மாவட்டக் கச்சேரிக்கும் பிரதேச செயலகத்துக்கும் அலைந்து திரும்ப எடுத்த வீடுகள் வன்னியில் எத்தனை என்று உங்களுக்கே தெரியும். ஃபோர்மட் அடித்தால் கேமும் போகும், அதுவும் போகும். லேப்டொப்பைத் திருப்பிக்கொண்டு வந்துவிட்டேன். பிறகு நான்கு இரவுகள் இருந்து கற்றுக்கொண்டதை இங்கே எழுதுகிறேன். முறை தெரிந்தால் ஒரு மணித்தியால வேலை. இடம் இல்லை என்பதற்காக மட்டும் யாராவது ஃபோர்மட் அடிக்கச் சொன்னால் தயவுசெய்து சம்மதிக்காதீர்கள்.

1. தொடங்குவதற்கு முன் கையில் இருக்க வேண்டியவை

இவற்றை ஒரு கொப்பியில் எழுதி வைத்துக்கொண்டு உட்காருங்கள்.

முதலாவது, லேப்டொப்பின் அட்மின் கடவுச்சொல். கேமை நீக்கும்போது விண்டோஸ் அதைக் கேட்கலாம். வெளிநாட்டிலிருந்து வந்த லேப்டொப் என்றால் அட்மின் கணக்கு பெரும்பாலும் அனுப்பியவருடைய பெயரில் இருக்கும். உங்களுடையது சாதாரணக் கணக்காக இருந்தால் அந்தக் கடவுச்சொல் இல்லாமல் பலவற்றை நீக்க முடியாது.

இரண்டாவது, கேம் கணக்கின் மின்னஞ்சலும் கடவுச்சொல்லும். ஸ்டீம், எபிக் போன்ற இணையக் கேம் கடைகளில் வாங்கிய கேம் அந்தக் கணக்கோடுதான் சேர்ந்திருக்கிறது. கணக்கு கையில் இருந்தால், நீக்கிய கேமைத் திரும்பக் காசு கொடுக்காமல் எப்போதும் இறக்கலாம். கணக்கு யாருடையது என்றே தெரியாவிட்டால் நீக்கியது நீக்கியதுதான்.

இதில் நாங்கள் ஒரு சிக்கலில் மாட்டினோம். ஸ்டீம் கணக்கு லேப்டொப்பை அனுப்பிய கனடா அண்ணாவுடையது, உள்ளே நுழையும் குறியீடு அவருடைய போனுக்குப் போகிறது. அந்தக் குறியீடு 30 செக்கனுக்கு ஒருமுறை மாறும். வட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு அவர் தூங்கப் போய்விட்டால் வேலைக்கு ஆகாது. நேரம் பேசி வைத்து, கோலில் இருந்தபடியே வாங்குங்கள். நமக்கு இரவு 8 மணி என்றால் ரொறன்ரோவில் கோடையில் காலை 10.30, குளிர்காலத்தில் காலை 9.30.

மூன்றாவது, பிரதி எடுக்க ஒரு பென் டிரைவ் அல்லது வெளி ஹாட் டிஸ்க். வீட்டு ஆவணங்களுக்கும், விளையாடிச் சேர்த்த ஆட்டம் பதிவாகும் சேவ் கோப்புகளுக்கும் 32 ஜிபி பென் டிரைவ் பெரும்பாலும் போதும். முழு கேமையும் பிரதி எடுப்பதென்றால்தான் ஹாட் டிஸ்க்.

சார்ஜரைச் செருகி வையுங்கள். பழைய பற்றரி அரை மணித்தியாலம்கூடத் தாங்காது. கோப்புகளை இடம் மாற்றிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போய் லேப்டொப் அணைந்தால் பாதி இங்கே, பாதி அங்கே என்று நிற்கும். மழையும் இடியுமான பின்னேரத்தில் இந்த வேலையைத் தொடங்க வேண்டாம்.

2. முதலில் ஆவணங்களை வெளியே எடுங்கள்

கேமைத் தொட முன் இதைச் செய்யுங்கள். டெஸ்க்டொப், டொக்கியுமென்ட்ஸ், பிக்சர்ஸ், டவுன்லோட்ஸ் ஆகிய நான்கு போல்டர்களையும் திறந்து, குடும்பத்துக்குரிய எல்லாவற்றையும் பென் டிரைவுக்குக் கொப்பி செய்யுங்கள். டவுன்லோட்ஸை மறக்க வேண்டாம். கணினியில் வட்ஸ்அப்பிலிருந்து இறக்கும் படங்களும் பிடிஎஃப்களும் பெரும்பாலும் அங்கேதான் விழுகின்றன. எங்கள் வீட்டில் உறுதியின் தெளிவான பிரதி டெஸ்க்டொப்பில் இருக்கவில்லை, டவுன்லோட்ஸில்தான் இருந்தது.

கொப்பி செய்ததும் பென் டிரைவிலிருந்தே இரண்டு மூன்று கோப்புகளைத் திறந்து பாருங்கள். திறந்தால்தான் பிரதி.

3. எது இடத்தைத் தின்கிறது என்று பாருங்கள்

செட்டிங்ஸ், பிறகு சிஸ்டம், பிறகு ஸ்டோரேஜ். விண்டோஸ் 10, 11 இரண்டிலும் இதே வழி. சி டிரைவில் எவ்வளவு நிரம்பியிருக்கிறது என்று காட்டும். 256 ஜிபி என்று வாங்கிய டிஸ்க் 238 ஜிபிக்குக் கிட்டத்தான் காட்டும். களவு ஒன்றும் இல்லை. கொம்பனிகள் ஆயிரத்தால் பெருக்கிக் கணக்கிடுகின்றன, விண்டோஸ் 1,024ஆல் கணக்கிடுகிறது.

அடுத்தது கேம் பட்டியல். விண்டோஸ் 11 என்றால் செட்டிங்ஸில் ஆப்ஸ், இன்ஸ்டோல்ட் ஆப்ஸ். விண்டோஸ் 10 என்றால் ஆப்ஸ், ஆப்ஸ் அன்ட் ஃபீச்சர்ஸ். அளவுப்படி அடுக்கச் சொன்னால் பெரியது மேலே வரும்.

இங்கே ஒரு பொறி இருக்கிறது. அந்தப் பட்டியலில் பல கேம்களின் அளவு தவறாகவோ வெறுமையாகவோ இருக்கும். பென் டிரைவில் வாங்கிப் போட்ட கேம் சில வேளை பட்டியலிலேயே இராது. அதனால் விஸ்ட்ரீ (WizTree) அல்லது வின்டிர்ஸ்டாட் (WinDirStat) என்ற சிறிய இலவச மென்பொருளை இறக்குங்கள். சில எம்பிதான், டேட்டாவுக்குப் பாரமில்லை. அது முழு டிரைவையும் அலசி, எந்தப் போல்டர் எத்தனை ஜிபி என்று பெரியதிலிருந்து சிறியதாகக் காட்டும். எங்கள் லேப்டொப்பில் கேம் 58 ஜிபி, அந்தக் கேமைப் போட்ட செட்டப் கோப்புகள் இன்னொரு 31 ஜிபி. பட்டியலில் அந்த 31 ஜிபியின் சுவடே இல்லை.

இந்த மென்பொருள்கள் அழிக்கவும் வல்லவை. பார்ப்பதற்கு மட்டும் பாவியுங்கள். விண்டோஸ் என்ற போல்டரையும், பெயர் விளங்காத சிஸ்டம் கோப்புகளையும் தொடவே வேண்டாம்.

4. விளையாடுபவரிடம் கேட்டு, சேவ் கோப்புகளைக் காப்பாற்றுங்கள்

தம்பியோ தங்கையோ மகனோ, கேட்காமல் அழிக்காதீர்கள். நமக்கு அது 58 ஜிபி, அவர்களுக்கு அது வருடக்கணக்கான உழைப்பு. என் தம்பி திரும்பக் கதைக்கத் தொடங்கியதும் சொன்னது இதுதான்: "கேமை அழிச்சது பரவாயில்லை அக்கா, என்னைக் கேட்டிருந்தா சேவ் கோப்பை எடுத்து வைச்சிருப்பன்." அவன் சொன்னது முழுக்க நியாயம்.

ஆட்டம் எங்கே சேமிக்கப்படுகிறது என்பது கேமுக்குக் கேம் வேறு.

இணையத்தில் மட்டும் விளையாடும் வலோரன்ட், கவுண்டர் ஸ்ட்ரைக் 2 போன்றவற்றில் எல்லாமே கணக்கோடு அவர்களுடைய சேர்வரில் இருக்கும். பயமில்லாமல் நீக்கலாம். ஃப்ரீ ஃபயரும் அப்படித்தான், ஆனால் கெஸ்ட் கணக்கில் விளையாடினால் நிலைமை வேறு. கெஸ்ட் கணக்கு அந்தக் கருவியோடு கட்டுப்பட்டது. நீக்கினால் திரும்பக் கிடைக்காமலே போகலாம். முதலில் கேமுக்குள் போய் அதை கூகுள் அல்லது ஃபேஸ்புக் கணக்கோடு இணைத்துவிட்டு நீக்குங்கள்.

தனியாக விளையாடும் கேம்களின் சேவ் கோப்புகளை மூன்று இடங்களில் தேடுங்கள். டொக்கியுமென்ட்ஸுக்குள் மை கேம்ஸ் என்ற போல்டர், உங்கள் பயனர் போல்டருக்குள் சேவ்ட் கேம்ஸ், அதே பயனர் போல்டருக்குள் மறைந்திருக்கும் அப்டேட்டா. மறைந்ததைப் பார்க்க, போல்டர் சாளரத்தின் மேலே வியூ என்பதை அழுத்தி, ஹிடன் ஐட்டம்ஸைத் தெரிவு செய்யுங்கள். விண்டோஸ் 11இல் அது ஷோ என்பதற்குள் இருக்கும். மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பின் உலகங்கள் அப்டேட்டாவின் ரோமிங் போல்டருக்குள், கேமின் பெயருள்ள போல்டரில், சேவ்ஸ் என்பதற்குள் இருக்கின்றன. பழைய கேம்கள் சில தங்கள் சொந்தப் போல்டருக்குள்ளேயே சேமிக்கும். நான் தம்பியின் ஆட்டத்தைத் தொலைத்தது அப்படித்தான்.

ஸ்டீமில் வாங்கிய கேம் என்றால் ஸ்டீம் கிளவுட் வசதி இருக்கிறதா பாருங்கள். நூலகத்தில் கேமின் பக்கத்தில் சிறிய மேகக் குறி இருக்கும். இருந்தால் சேவ் அங்கே போய்ச் சேரும், ஆனால் கடைசியாக விளையாடியபோது இணையம் இருந்திருக்க வேண்டும். டேட்டா முடிந்த கிழமையில் விளையாடியது மேலே போயிருக்காது. ஒருமுறை இணைப்போடு ஸ்டீமைத் திறந்து, ஏறி முடியும்வரை விடுங்கள்.

5. நீக்குவதா, நகர்த்துவதா: டேட்டாக் கணக்கு

பின்னால் திரும்ப விளையாட விரும்பினால் அந்தக் கேமை மறுபடி இறக்க வேண்டும். வன்னியில் அதிகமான வீடுகளில் இணையம் என்றால் போன் அல்லது ரவுட்டருக்குள் சிம். எல்லாம் ஜிபி கணக்குத்தான். எனவே முதலில் உங்கள் பெக்கேஜில் 1 ஜிபிக்கு எவ்வளவு விழுகிறது என்று பிரித்துப் பாருங்கள். உதாரணமாக 2,000 ரூபாவுக்கு 50 ஜிபி என்றால் ஒரு ஜிபி 40 ரூபா. 60 ஜிபி கேமைத் திரும்ப இறக்க 2,400 ரூபா.

நேரத்தையும் பாருங்கள். 10 எம்பிபிஎஸ் வேகம் தடையில்லாமல் கிடைத்தால்கூட 60 ஜிபி இறங்க 13 மணித்தியாலத்துக்கு மேல் செல்லும். இரவு டேட்டா தனியாகத் தரும் பெக்கேஜ்களில் அது நள்ளிரவு 12க்குப் பிறகுதான் தொடங்கும். விடிய 7 மணிவரை என்று வைத்தாலும் இரண்டு இரவு வேண்டும்.

இந்தக் கணக்குப் போட்டபின் நான் எடுத்த முடிவு இது. 20 ஜிபிக்குக் குறைந்ததையும், ஆறு மாதமாகத் திறக்காததையும் நீக்கினேன். தம்பி இன்னும் விளையாடும் பெரிய கேமை வெளி ஹாட் டிஸ்க்குக்கு மாற்றினேன். ஸ்டீமில் செட்டிங்ஸ், ஸ்டோரேஜ் என்று போய், புதிய டிரைவைச் சேர்த்து, கேமைத் தெரிவு செய்து மூவ் கொடுக்கலாம். யூஎஸ்பி 3 துளையில் செருகினால் 60 ஜிபி பத்துப் பதினைந்து நிமிடத்தில் போய்விடும். பழைய யூஎஸ்பி 2 துளை என்றால் அரை மணித்தியாலத்துக்கு மேல். 3 என்பது பெரும்பாலும் நீல நிறத் துளை.

டி டிரைவுக்கு மாற்றலாமே என்று நினைப்பீர்கள். மாற்றலாம், அதில் இடம் இருந்தால். ஆனால் பல லேப்டொப்பில் டி என்பது அதே டிஸ்க்கின் இன்னொரு துண்டுதான். டிஸ்க் பழுதானால் சியும் டியும் சேர்ந்தே போகும். அதனால் ஆவணங்களின் பிரதியை டியில் வைத்துவிட்டுப் பத்திரம் என்று இருந்துவிடாதீர்கள்.

இன்னொரு பொறி: பென் டிரைவ் எஃப்ஏடி32 என்ற பழைய கோப்பு முறையில் இருந்தால் 4 ஜிபியைவிடப் பெரிய ஒற்றைக் கோப்பு அதில் ஏறாது. பென் டிரைவில் 50 ஜிபி காலியாக இருக்கும், கோப்பு பெரிது என்று விண்டோஸ் மறுக்கும். பென் டிரைவை எக்ஸ்ஃபாட் வகைக்கு மாற்றினால் ஏறும். மாற்றும்போது உள்ளே இருப்பதெல்லாம் அழிந்துவிடும் என்பதால், ஆவணங்களைப் பிரதி எடுத்த பென் டிரைவில் இதைச் செய்யாதீர்கள்.

6. இப்போது நீக்குங்கள், வந்த வழியாகவே

எந்த வாசலால் கேம் உள்ளே வந்ததோ அந்த வாசலால்தான் வெளியே அனுப்ப வேண்டும்.

ஸ்டீம்: நூலகத்தில் கேமின் பெயரில் வலது கிளிக், மனேஜ், அன்இன்ஸ்டோல். ஓரிரு நிமிடம்தான். விண்டோஸ் பட்டியலிலிருந்து நீக்கினாலும் அது ஸ்டீமைத்தான் திறக்கும், அதனால் கணக்குக்குள் நுழைந்திருக்க வேண்டும். மிகக் கவனமாக இருக்க வேண்டியது ஒன்று: கேமுக்குப் பதில் ஸ்டீம் என்ற மென்பொருளையே அன்இன்ஸ்டோல் செய்தால், அதன் போல்டருக்குள் இருக்கும் எல்லாக் கேம்களும் சேர்ந்து போய்விடும்.

எபிக்: அதன் லோஞ்சரை, அதாவது கேமைத் திறக்கும் மென்பொருளைத் திறந்து, லைப்ரரி, கேமின் அருகிலுள்ள மூன்று புள்ளி, அன்இன்ஸ்டோல்.

வலோரன்ட்: விண்டோஸ் பட்டியலிலிருந்தே நீக்கலாம். ஆனால் கள்ள ஆட்டத்தைத் தடுக்கும் வன்கார்ட் என்ற காவல் மென்பொருள் தனியாக நிற்கும். லேப்டொப் தொடங்கும்போதெல்லாம் அதுவும் தொடங்கும். அதையும் தேடி நீக்குங்கள்.

மைக்ரோசொஃப்ட் ஸ்டோர் கேம்கள்: விண்டோஸ் பட்டியலில் அன்இன்ஸ்டோல். இவற்றோடு சேவ் கோப்புகளும் போய்விடலாம், நான்காம் படியை முடித்துவிட்டு வாருங்கள்.

எமுலேட்டர்: போன் கேம்களைக் கணினியில் ஓட்டும் மென்பொருள். ஃப்ரீ ஃபயர், பப்ஜி விளையாட புளூஸ்டாக்ஸ் போன்றவற்றைப் போட்டிருப்பார்கள். அதற்குள் இருக்கும் கேமை அழித்துவிட்டு இடம் கூடவில்லையே என்று நானும் முழித்தேன். எமுலேட்டர் தனக்கென்று ஒரு பெரிய கோப்பை வைத்துக்கொண்டு, அதற்குள்தான் எல்லாவற்றையும் போடுகிறது. உள்ளே அழித்தாலும் அந்தக் கோப்பு தானாகச் சுருங்காது. இனித் தேவையில்லை என்றால் எமுலேட்டரையே விண்டோஸ் பட்டியலிலிருந்து நீக்குங்கள். அதன்பின் விஸ்ட்ரீயில் மறுபடி பார்த்து, அதன் பெயரில் போல்டர் மிஞ்சியிருந்தால் அழியுங்கள்.

7. பென் டிரைவில் வந்த கேம்கள்

எங்கள் பக்கத்தில் கேம்கள் பெரும்பாலும் ரியூசனில் சந்திக்கும் பொடியன்களின் பென் டிரைவ் வழியாகத்தான் வீட்டுக்கு வருகின்றன. இவற்றுக்குக் கணக்கும் இல்லை, லோஞ்சரும் இல்லை. கேம் போல்டரைத் திறந்து பாருங்கள். 'அன்இன்ஸ்' என்று தொடங்கி மூன்று பூச்சியங்களில் முடியும் ஒரு கோப்பு (unins000) பெரும்பாலும் இருக்கும். அதை இரட்டைக் கிளிக் செய்தால் ஒழுங்காக நீங்கிவிடும். அப்படி ஒன்று இல்லை, விண்டோஸ் பட்டியலிலும் பெயர் இல்லை என்றால் மட்டும் போல்டரை நேராக அழியுங்கள்.

பிறகு செட்டப் கோப்புகளைத் தேடுங்கள். ரார், ஐஎஸ்ஓ வகைப் பெரிய கோப்புகள் டவுன்லோட்ஸிலோ டி டிரைவிலோ கிடக்கும். எங்களுக்கு 31 ஜிபி கிடைத்தது இதில்தான்.

இதைவிட முக்கியமான ஒன்று. இந்த வகைக் கேமைப் போடும்போது, வைரஸ் காவலை நிறுத்தச் சொல்லியோ, ஒரு போல்டரை விட்டுவிடச் சொல்லியோ கேட்டிருப்பார்கள். கேமை நீக்கினாலும் அந்தத் திறந்த கதவு அப்படியே இருக்கும். விண்டோஸ் செக்கியூரிட்டி, வைரஸ் அன்ட் திரெட் புரொடெக்‌ஷன், மனேஜ் செட்டிங்ஸ், கீழே எக்ஸ்குளூஷன்ஸ். அங்கே இருப்பதை எல்லாம் எடுத்துவிட்டு, ரியல் டைம் புரொடெக்‌ஷன் ஓனில் இருக்கிறதா பாருங்கள். இதே லேப்டொப்பில்தான் அம்மா வங்கிக் கணக்கும் பார்க்கிறார் என்பதை நினைத்தபோது எனக்கு நெஞ்சு பதறியது. ஒரு முழு ஸ்கானும் போட்டுவிடுங்கள், இரவு விட்டால் காலையில் முடிந்திருக்கும்.

என்னைப்போல் போல்டரை அழித்துவிட்டுப் பிழைச் செய்தியோடு நிற்பவர்களுக்கு: அதே கேமை அதே இடத்தில் மறுபடி போட்டு, பிறகு முறைப்படி நீக்கினால் பட்டியலில் இருந்தும் போய்விடும். செட்டப் கோப்பு கையில் இல்லை என்றால் பெயர் மட்டும் நிற்கட்டும். அது இடம் எடுக்காது.

8. மிச்சம் மீதியைத் துடைப்பது

ரீசைக்கிள் பின்னை வெறுமையாக்குங்கள். அதுவரை, டிலீட் கொடுத்து அதற்குள் போனது எதுவும் இடமாக மாறாது.

அடுத்து செட்டிங்ஸ், சிஸ்டம், ஸ்டோரேஜ், டெம்பரரி ஃபைல்ஸ். இங்கே ஒவ்வொரு பெட்டியையும் வாசித்துத்தான் தெரிவு செய்ய வேண்டும். டவுன்லோட்ஸ் என்றும் ஒரு பெட்டி இருக்கும். எல்லாவற்றையும் தெரிவு செய்து அழித்தால் டவுன்லோட்ஸ் போல்டரில் உள்ளதெல்லாம் போய்விடும், எங்கள் உறுதி கிடந்த அதே போல்டர். அதை விட்டுவிடுங்கள். டைரக்ட்எக்ஸ் ஷேடர் கேஷ், டெம்பரரி ஃபைல்ஸ், தம்நெயில்ஸ் ஆகியவற்றை அழிக்கலாம். பழைய விண்டோஸ் பதிப்பு என்று ஒன்று 10, 20 ஜிபிக்குக் காட்டினால் அதுவும் போகலாம், ஆனால் அதன்பின் பழைய பதிப்புக்குத் திரும்ப முடியாது.

லேப்டொப்பை ஒரே கிளிக்கில் வேகமாக்குகிறோம் என்று விளம்பரம் காட்டும் கிளீனர் மென்பொருள்களைப் போடாதீர்கள். விண்டோஸில் உள்ளதே போதும்.

9. திரும்பத் தொடக்கிப் பாருங்கள்

ஒருமுறை ரீஸ்டார்ட் செய்து, ஸ்டோரேஜைத் திறந்து பாருங்கள். எங்களுக்கு 3 ஜிபியாக இருந்தது 104 ஜிபி ஆனது. ஓட்டோகாட்டை அன்றிரவே போட்டேன். டிஸ்க்கை மறுபடி விளிம்புவரை நிரப்ப வேண்டாம். விண்டோஸ் தன்னைப் புதுப்பிக்கவும் இடம் கேட்கும். நாங்கள் 40 ஜிபி எப்போதும் காலியாக இருக்கட்டும் என்று பேசி வைத்திருக்கிறோம்.

ஆவணங்களும் சேவ் கோப்புகளும் உள்ள பென் டிரைவைக் குறைந்தது ஒரு மாதத்துக்கு அழிக்காதீர்கள். எந்தக் கோப்பு இல்லை என்பது தேவைப்படும் அன்றுதான் தெரியவரும். எங்கள் பென் டிரைவை அம்மா வாங்கி, உறுதியின் மூலப்பிரதி இருக்கும் அதே பொலித்தீன் உறைக்குள் போட்டு வைத்திருக்கிறார். தம்பிக்கு வேறொரு பென் டிரைவ் வாங்கிக் கொடுத்துவிட்டேன்.